சிறு விளையாட்டும் பெரிய பூட்டும்

என் பெரியம்மா பள்ளித் தலைமையாசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவர். 2007-இல், வெளிநாட்டில் வேலை பார்த்த அவருடைய மகன் தன் கடனட்டையில் பணம் கட்டி ஒரு சிறு கணினி விளையாட்டை அவருக்கு வாங்கிக் கொடுத்தான். ஒரே நிற மணிகள் மூன்று அடுத்தடுத்து வந்தால் மறைந்துவிடும், அவ்வளவுதான் விளையாட்டு. பெரியப்பா படுத்த படுக்கையாகக் கிடந்த ஒன்றரை வருடம், நடுநிசி மருந்துக்கும் விடியற்காலை மருந்துக்கும் இடையில் கண்ணயர்ந்துவிடாமல் இருக்கப் பெரியம்மா அதைத்தான் ஆடிக்கொண்டிருந்தார்.

பின்னாளில் அந்தக் கணினியைப் பரணில் ஏற்றிவிட்டுப் புதியது வாங்கினோம். விளையாட்டு இருந்த கோப்புறையை அப்படியே நகலெடுத்துப் புதியதில் வைத்தேன். பெயரின்மேல் இருமுறை சொடுக்கியதும் சிறியதாக ஒரு சாளரம் தோன்றியது. விற்ற நிறுவனத்தின் சின்னம், அதன் கீழே சுழலும் ஒரு வட்டம். நெடுநேரம் சுழன்றபின், உரிமத்தைச் சரிபார்க்க இயலவில்லை என்று ஒரு வரி சொல்லிவிட்டுச் சாளரம் மறைந்தது. பெரியம்மா மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடி, "காசு குடுத்துத்தானேடா வாங்கினோம்?" என்றார்.

எளிய கேள்விதான். பதில் சொல்லப் புகுந்தால் முப்பத்தைந்து ஆண்டு வரலாற்றைச் சொல்ல வேண்டியிருக்கிறது.

*

அந்த வரலாறு வாயிற்காப்போன் இல்லாத ஒரு வீட்டில் தொடங்குகிறது. 1990 மே மாதம் வெளிவந்த விண்டோஸ் 3.0-உடன் சாலிட்டேர் என்னும் சீட்டாட்டமும் வந்தது. எழுதியவர் வெஸ் செர்ரி. மைக்ரோசாஃப்டில் பயிற்சி மாணவராக இருந்தபோது எழுதினார். அதற்காக அவருக்கு உரிமத்தொகை எதுவும் கிடைக்கவில்லை. சீட்டுகளின் சித்திரங்களை வரைந்தவர் சூசன் கேர். அதற்கு முன்பே மெக்கின்டோஷ் கணினியின் குறும்படங்களை வரைந்து புகழ்பெற்றவர். மேலதிகாரி அருகில் வந்தால் ஒரு விசையைத் தட்டினால் போதும், ஆட்டம் மறைந்து அலுவலகக் கணக்குத்தாள் போன்ற ஒரு படம் திரையில் விரியும்படி செர்ரி செய்திருந்தார். நிறுவனம் கேட்டுக்கொண்டதால் அது நீக்கப்பட்டது.

சுட்டியைப் பிடித்து, ஒரு பொருளை இழுத்து, இன்னோரிடத்தில் விட அந்த ஆட்டம் கோடிக்கணக்கானவர்களின் கைகளுக்குச் சொல்லிக்கொடுத்தது. 2019-இல் அமெரிக்காவின் ரோச்செஸ்டர் நகரிலுள்ள அருங்காட்சியகம் ஒன்று தன் கணினி விளையாட்டுப் புகழ்மண்டபத்தில் அதற்கும் ஓர் இடம் கொடுத்தது. நம் கதைக்கு முக்கியமானது வேறொன்று. அந்த ஆட்டத்தைத் திறப்பது என்றால் திறப்பது மட்டும்தான். ஒரு சிறு கோப்பு. சொடுக்கினால் சீட்டுகள் பரவும். நீ யார், பணம் கட்டினாயா, இணையத்தில் இருக்கிறாயா என்று யாரும் கேட்பதில்லை. திண்ணையில் வைத்த பல்லாங்குழி போல அது கிடந்தது. வந்தவர் ஆடலாம்.

வாயிற்காப்போன் வந்தது 2001-ஐ ஒட்டிய ஆண்டுகளில். 2000-இல் சியாட்டிலில் ஜான் வெச்சி, பிரையன் ஃபீட்டே, ஜேசன் கபால்கா என்னும் மூன்று இளைஞர்கள் பாப்கேப் நிறுவனத்தைத் தொடங்கினார்கள். நிறக்கற்களை மூன்றாகச் சேர்க்கும் அவர்களுடைய ஆட்டம் முதலில் உலாவிக்குள் இலவசமாக ஓடியது. பின்பு பிஜுவல்டு என்ற பெயரில் அதன் மெருகேற்றிய வடிவத்தைத் தரவிறக்கிக்கொள்ளும்படி ஏறத்தாழ இருபது டாலருக்கு விற்றார்கள். ஒரு மணி நேரம் இலவசமாக ஆடலாம். பிடித்திருந்தால் பணம் கட்டலாம். மளிகைக் கடையில் ஒரு துண்டு வெல்லத்தை வாயில் போட்டுப் பார்த்துவிட்டு வாங்குவது போன்ற ஏற்பாடு. அதே 2001-இல் ரியல்நெட்வொர்க்ஸ் நிறுவனம் ரியல்ஆர்கேட் என்னும் விளையாட்டு அங்காடியைத் திறந்தது. 2002-இல் பால் தெலன் சியாட்டிலில் பிக் ஃபிஷ் கேம்ஸைத் தொடங்கினார். முப்பது வயதைத் தாண்டியவர்களும் இல்லத்தரசிகளும் ஓய்வு பெற்றவர்களும் கணினி விளையாட்டை விலைகொடுத்து வாங்குவார்கள் என்று இந்த அங்காடிகள் கண்டுகொண்டன. துப்பாக்கியும் ரத்தமும் விற்ற பெரிய நிறுவனங்கள் அதுவரை ஏறெடுத்தும் பாராத மக்கள் அவர்கள்.

ஒரு மணி நேரம் முடிந்ததும் ஆட்டத்தை நிறுத்த யாராவது ஒருவர் கடிகாரத்தோடு வாசலில் நிற்க வேண்டுமல்லவா? அவர்தான் லாஞ்சர். விளையாட்டைத் தரவிறக்குவது, நிறுவுவது, வாங்கியவற்றை அடுக்கிக் காட்டுவது எல்லாம் அதன் வேலை. தொலைபேசிக் கம்பிவழி இணையம் நடுவில் அறுந்துபோகும் அந்தக் காலத்தில், விட்ட இடத்திலிருந்து தரவிறக்கத்தைத் தொடர்ந்து முடிக்கும் ஒரு மென்பொருள் பெரிய உபகாரம் என்பதை மறுக்க முடியாது. ஆனால் அதற்கு இன்னொரு வேலையும் இருந்தது. விளையாட்டின் அசல் கோப்பை ஓர் உறைக்குள் பூட்டி வைத்திருக்கும். சொடுக்கும்போது முதலில் விழிப்பது உறைதான். எத்தனை நிமிடம் ஆடியிருக்கிறார்கள், உரிமக் குறியீடு இருக்கிறதா, அது இந்தக் கணினிக்குக் கொடுத்ததுதானா என்று பார்த்துவிட்டே உள்ளிருக்கும் விளையாட்டை எழுப்பும். குறியீட்டை முதன்முறை பதியும்போது நிறுவனத்தின் வழங்கிக் கணினியிடம் இணையத்தின் வழியே சம்மதம் கேட்கும்.

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி வரம் கொடுக்க வேண்டும் என்பார்கள். இங்கே பூசாரி தனியாக ஒரு மென்பொருளாகவே வந்து சேர்ந்தார்.

*

லாஞ்சர் திறக்கவில்லை என்றால் கணினிக்குக் கைமருத்துவம் பார்ப்பவர்கள் வரிசையாகச் சில சிகிச்சைகளைச் சொல்வார்கள். பெரியம்மாவின் கணினி முன்னால் உட்கார்ந்து அவற்றை ஒவ்வொன்றாகச் செய்துபார்த்தபோது எனக்கு ஒன்று புலப்பட்டது. ஒவ்வொரு சிகிச்சைக்கும் ஒரு வருடம் உண்டு. மண்ணைத் தோண்டத் தோண்ட ஓடுகளும் காசுகளும் காலவரிசையில் கிடைப்பதுபோல, ஒவ்வொரு பிழைச்செய்திக்கு அடியிலும் ஒரு காலம் புதைந்திருக்கிறது.

"பழைய விண்டோஸ் போல நடந்துகொள்" என்று நிரலுக்குச் சொல்லும் வசதி 2001-இன் விண்டோஸ் எக்ஸ்பி கொடுத்தது. அதற்கு முந்தைய ஆட்டங்கள் அந்த அமைப்பில் தடுக்கி விழுந்ததன் நினைவுச்சின்னம் அது. "நிர்வாகியாக இயக்கு" என்ற சிகிச்சை 2007-இல் பொதுமக்களுக்கு வந்த விண்டோஸ் விஸ்டாவின் காலத்தது. அதுவரை நிரல்கள் தம்மை நிறுவிய கோப்புறையிலேயே மதிப்பெண்களையும் எழுதி வைத்தன. பாதுகாப்பைக் கருதி விஸ்டா அதைத் தடுத்தது. ஆனால் பழைய நிரல்கள் தவித்துப்போகாமல் இருக்க, அவை எழுதுவதைச் சத்தமில்லாமல் வேறொரு மறைவிடத்துக்குத் திருப்பிவிட்டது. இதில் ஒரு வேடிக்கை உண்டு. லாஞ்சர் திறக்கவில்லையென்று நிர்வாகியாக இயக்கினால் அது திறந்துகொள்ளும். பழைய மதிப்பெண்களோ காணாமல் போயிருக்கும். நிர்வாகியாக இயங்கும் நிரல் மறைவிடத்தைப் பார்ப்பதில்லை. மதிப்பெண்கள் அழியவில்லை, பக்கத்து அறையில் இருக்கின்றன.

ஏதோ ஒரு கோப்பு இல்லை என்று முறையிடும் செய்தி வந்தால், பெரும்பாலும் அது டைரக்ட்எக்ஸ் 9-இன் துணைக்கோப்பு. படம் வரைய உதவும் அந்தக் கோப்புகளின் கடைசித் தொகுப்பை மைக்ரோசாஃப்ட் 2010 ஜூனில் வெளியிட்டது. புதிய விண்டோஸில் அவை தாமாக வருவதில்லை. நாமே தேடிப்பிடித்து நிறுவ வேண்டும். குறுவட்டில் வாங்கிய ஆட்டம் அசையாமல் கிடந்தால் 2015-ஐ நினைத்துக்கொள்ளலாம். சேஃப்டிஸ்க் என்னும் குறுவட்டுப் பூட்டில் பாதுகாப்புக் குறை இருந்ததால், அந்த ஆண்டு வந்த விண்டோஸ் 10 அதை ஏற்க மறுத்தது. பூட்டு துருவேறியது, உள்ளிருந்த பண்டமோ கெடாமல் கிடக்கிறது. தொண்ணூறுகளின் தொடக்கத்து ஆட்டங்களுக்கு மருந்தே இல்லை. 16-பிட் நிரல்களை 64-பிட் விண்டோஸ் இயக்காது. அவற்றுக்கு ஒரு போலிக் கணினியை மென்பொருளாலேயே கட்டித்தர வேண்டும்.

எல்லாப் பழியையும் பூட்டின்மேல் போடுவது நியாயமல்ல. விண்டோஸ் எக்ஸ்பியோடு வந்த விண்வெளிப் பின்பால் ஆட்டத்தை நம்மில் பலர் ஆடியிருப்போம். அது விஸ்டாவில் ஏன் இல்லை என்பதை மைக்ரோசாஃப்டின் ரேமண்ட் சென் 2012-இல் எழுதினார். ஆட்டத்தை 64-பிட்டுக்கு மாற்றியபோது, பந்து ஏவுதளத்தில் வந்து நின்று, மோதித் தள்ள வேண்டிய தண்டின் ஊடாகவே மெல்லக் கீழே இறங்கி, மேசைக்கு வெளியே போய்விட்டது. மோதலைக் கணிக்கும் பகுதியில் எங்கோ பிழை. வெளியாள் எழுதிய, விளக்கக் குறிப்புகளற்ற நிரலில் அதைக் கண்டுபிடிக்க அவர்களால் இயலவில்லை, ஆட்டத்தையே விட்டுவிட்டார்கள். மூப்பு எல்லோருக்கும் வருவதுதான், நிரலுக்கும்.

ஆனால் மூப்பு வேறு, வாசலை அடைத்துவிட்டுப் போவது வேறு. எக்ஸ்பியிலிருந்து இணையத்தின் வழியே முகமறியாதவருடன் ஆடும் ஆட்டங்களின் சேவையை மைக்ரோசாஃப்ட் 2019-இலும், விண்டோஸ் 7-க்கு 2020-இலும் நிறுத்தியது. 2003-இல் தொடங்கிய ஸ்டீம் 2024 ஜனவரி 1 முதல் விண்டோஸ் 7-க்கும் 8-க்குமான ஆதரவைக் கைவிட்டது. அந்தக் கணினிகளுக்காகவே எழுதப்பட்டு அவற்றில் நன்றாக ஓடிய ஆட்டங்களுக்கும் அதே கதி காத்திருக்கிறது. திண்ணையில் கிடந்த சாலிட்டேரும் தப்பவில்லை. 2012-இன் விண்டோஸ் 8-இல் அது உடன்வராமல் அங்காடிக்குப் போனது. 2015-இல் விண்டோஸ் 10-உடன் திரும்பி வந்தபோது விளம்பரங்களோடு வந்தது. அவற்றை நீக்க சந்தா கேட்டது.

சட்டம் இதைத் தாமதமாகத்தான் கவனித்தது. சரிபார்க்கும் வழங்கி நிறுத்தப்பட்டுவிட்டால், முறையாக வாங்கியவர் தன் வீட்டில் தனியே ஆடுவதற்காக அந்தப் பூட்டைத் தாண்டலாம் என்று அமெரிக்கப் பதிப்புரிமை விதிகளில் 2015-இல் ஒரு விலக்கு அளிக்கப்பட்டது. கலிபோர்னியா 2024-இல் இயற்றிய சட்டம், மின்பொருளை விற்பவர் கொடுப்பது உரிமம் மட்டுமே என்றால் அதை வெளிப்படையாகச் சொல்ல வேண்டும் என்கிறது. பெரியம்மாவின் கேள்விக்கான பதில் அந்தச் சட்டத்தில் இருக்கிறது. நாம் வாங்கியது விளையாட்டை அல்ல, ஆடுவதற்கான அனுமதியை.

சட்டத்துக்குக் காத்திராமல் வேலையில் இறங்கியவர்களும் உண்டு. உலாவியில் ஓடிய ஆயிரமாயிரம் சிறு ஆட்டங்களுக்கு உயிரான ஃப்ளாஷ் மென்பொருளை அடோபி நிறுவனம் 2020 டிசம்பர் 31-உடன் கைவிட்டது. 2021 ஜனவரி 12 முதல் அது இயங்கவே மறுத்தது. அந்த நாளை முன்கூட்டியே உணர்ந்த தன்னார்வலர்கள் 2018-இலேயே ஃப்ளாஷ்பாயின்ட் என்ற காப்பகத்தைத் தொடங்கி, ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட ஆட்டங்களைச் சேர்த்துவிட்டார்கள். அதற்கும் ஒரு லாஞ்சர் உண்டு. பல ஆட்டங்கள் தாம் பிறந்த இணையதளத்தில் இருக்கிறோமா என்று சோதித்துவிட்டே திறக்கும். காப்பகத்தின் லாஞ்சர் நம் கணினிக்குள்ளேயே மறைந்துபோன அந்தத் தளத்தைப்போல் வேடமிட்டுப் பதில் சொல்லும். மகன் இறந்ததை அறியாத முதியவளுக்கு அவன் பெயரில் யாரோ கடிதம் எழுதி ஆறுதல் சொல்வதுபோல.

*

பெரியம்மாவின் விளையாட்டுக்கு அப்படி எழுத யாரும் இல்லை. விற்ற நிறுவனம் அந்தச் சேவையை எப்போதோ மூடியிருந்தது. வேறு வழியின்றிப் பரணிலிருந்து பழைய கணினியை இறக்கித் தூசு தட்டினேன். அதில்தான் உரிமம் ஏற்கெனவே பதிவாகியிருக்கிறதே, இணையம் தேவைப்படாது என்று நினைத்தேன். அங்கும் லாஞ்சர் மறுத்தது. கணினியின் நாள் சரியில்லை என்றது.

மூலையில் பார்த்தேன். தேதி 2005 ஜனவரி 1. மதர்போர்டில் காசு வடிவில் ஒரு சிறு பாட்டரி இருக்கும். மின்சாரம் இல்லாதபோதும் கடிகாரத்தை ஓட்டிக்கொண்டிருப்பது அது. செத்துப்போனால் கணினி தன் பிறந்த நாளுக்குத் திரும்பிவிடும். இலவச மணி நேரத்தை நீட்டிக்கக் கடிகாரத்தைப் பின்னே திருப்பும் தந்திரக்காரர்களைப் பிடிக்கவே லாஞ்சர் நாளைப் பார்க்கிறது. 2007-இல் வாங்கிய உரிமத்தை 2005-இல் காட்டினால் அது எப்படி நம்பும்? தெருமுனைக் கைக்கடிகாரக் கடையில் சி.ஆர். 2032 பாட்டரி ஒன்று வாங்கிப் பொருத்தி, நாளைத் திருத்திவிட்டுச் சொடுக்கினேன்.

திறந்தது.

பெரியம்மா நேராக மதிப்பெண் பட்டியலுக்குப் போனார். பத்து வரிகள். பத்திலும் பெரியப்பாவின் பெயர். நான் திரும்பிப் பார்த்ததும், "அவர் பேர்லதான் ஆடுவேன். காலைல எழுந்ததும் எவ்வளவு எடுத்தேன்னு கேப்பார்" என்றார்.

இதே ஆட்டத்தின் புது வடிவம் இன்று பல இடங்களில் கிடைக்கிறது. அதை வாங்கிவிடலாமே என்று முதல் நாளே நான் சொல்லியிருந்தேன். அவர் பதில் சொல்லவில்லை. பழைய கணினியை இப்போது பரணில் ஏற்றுவதில்லை. அவர் கட்டிலருகே, இணையக் கம்பி எதுவும் இல்லாமல் நிற்கிறது. அதன் வன்தட்டு எத்தனை நாள் தாங்கும் என்று சொல்வதற்கில்லை. பாட்டரி மட்டும் இன்னும் இரண்டு வாங்கி மேசை இழுப்பறையில் வைத்திருக்கிறேன்.