முகத்தில் பூசிய கரி

சுங்கை பட்டாணியை அடுத்த பாக்கார் ஆராங் என்னும் ஊர்ப்பெயருக்குக் கரி சுடுதல் என்பது பொருள். மானக்கேட்டை 'முகத்தில் கரி பூசுதல்' எனத் தமிழரும் மலாய்க்காரரும் ஒருங்கே கூறுவர்.

அக்கரி எளிதில் அகலாது என்பதற்குத் தமிழ்த் திரையுலகமே சான்று. 'சினிமா தூது', 'இந்து நேசன்' இதழ்களில் நடிகர்தம் அந்தரங்கங்களை எழுதிவந்த இலட்சுமிகாந்தன், 1944 நவம்பரில் கொலையுண்டார். அவ்வழக்கில் ஆயுள் தண்டனை பெற்ற தியாகராஜ பாகவதரும் என்.எஸ். கிருஷ்ணனும், இலண்டன் பிரிவி கவுன்சில்வரை முறையிட்டு, 1947 ஏப்ரலில் நிரபராதிகளென விடுதலையாயினர். தீர்ப்பு ஒன்றே, விளைவோ இரண்டு. கலைவாணர் 'நல்லதம்பி' (1949), 'மணமகள்' (1951) படங்களால் மக்கள் மனத்தில் மீண்டும் இடம்பெற்றார். பாகவதரோ, 1959-இல் மறையும்வரை பழைய உச்சத்தை எட்டவேயில்லை.

அன்றைய பழிச்சொல் காகிதத்தோடு மக்கிற்று. இணையத்தில் ஏறியது மக்குவதில்லை. 1998-இல் நாளிதழில் வந்த தம் கடன் அறிவிப்பைத் தேடுபொறியிலிருந்து நீக்கக் கோரிய ஸ்பானியர் ஒருவர், 2014-இல் ஐரோப்பிய நீதிமன்றத்தில் வென்றார். அவ்வெற்றியே அவர் கடனை உலகறியச் செய்துவிட்டது!

தீர்ப்பு பழியைத் துடைக்கலாம்; பெயரைத் திருப்பித் தருவோர் மக்களே. ஆதலின், கைப்பேசியில் வந்த வதந்தியைப் பிறர்க்கு அனுப்புமுன் ஒருகணம் தயங்குதல் ஒவ்வொருவர்க்கும் கடனாகும். பூசுகின்ற கையிலும் கரி ஒட்டும்.