பாஸ்க் நாட்டுக் காலை உணவும் நேர்வழியில் கிடைக்கும் நூல்களும்

பிரான்சின் தென்மேற்கு மூலையிலும் ஸ்பெயினின் வட கோடியிலும் பைரனீஸ் மலையடிவாரத்தில் வாழ்பவர்கள் பாஸ்க் மக்கள். அவர்கள் பேசும் எவுஸ்கெரா மொழிக்கு உறவு மொழி உலகில் எதுவும் இல்லை என்பார்கள் மொழி அறிஞர்கள். அம்மொழியில் 'கோசே' என்றால் பசி. காலை உணவுக்குப் பெயர் 'கோசாரி'. காரைக்கால், நாகூர்ப் பக்கம் காலை உணவு உண்பதைப் 'பசியாறுவது' என்று சொல்வோம் அல்லவா, அதே எண்ணம்தான்.

இந்தக் கோசாரியில் என்னதான் சாப்பிட்டார்கள் என்று தெரிந்துகொள்ள ஆசைப்பட்டால், முதலில் சமையல் நூல்களைத்தான் தேடத் தோன்றும். 1864-லேயே பயோன் நகரில் பாஸ்க் மொழியில் ஒரு சமையல் நூல் அச்சாகியிருக்கிறது. 1933-இல் இரண்டு புகழ்பெற்ற நூல்கள் ஸ்பானிய மொழியில் வந்தன. ஒன்று பில்பாவோவில் பிறந்த பராபெரே சீமாட்டி எழுதியது. மற்றொன்று சான் செபாஸ்தியானில் உணவகம் நடத்திய நிகோலாசா பிராதேரா எழுதியது. ஆனால் இவை பெரும்பாலும் மதிய, இரவு விருந்துக்கான நூல்கள். மீனுக்கும் குழம்புக்கும்தான் முதலிடம். குடியானவன் விடியற்காலையில் தின்றதை யாரும் புத்தகம் பார்த்துச் சமைக்கவில்லை. தாயிடம் மகள் பார்த்துப் பழகினாள், அவ்வளவுதான். ஆகவே காலை உணவின் வரலாற்றை வேறு இடங்களில்தான் தேட வேண்டும்.

முதல் இடம் அகராதி. பாஸ்க் மொழியில் 'ஆர்தோ' என்றால் இன்று மக்காச்சோளம். ஆனால் ஆதியில் அச்சொல் தினை வகைத் தானியம் ஒன்றைக் குறித்தது. அமெரிக்காவிலிருந்து மக்காச்சோளம் வந்து 1600-களில் மலைச்சரிவெல்லாம் பரவியதும் பெயரைப் புதுத் தானியம் எடுத்துக்கொண்டது. பழைய தானியம் 'சின்ன ஆர்தோ' ஆகிவிட்டது. நம் ஊரில் சோளம் தன் பெயரை விட்டுக்கொடுக்கவில்லை. புதிதாக வந்ததற்குத்தான் 'மக்கா' என்று அடைமொழி சேர்த்தோம். அங்கே நடந்தது நேர்மாறு. அந்த மக்காச்சோள மாவை வெந்நீரில் பிசைந்து கையால் தட்டிச் சுட்ட ரொட்டிதான் 'தாலோ'. அதைப் பாலில் பிய்த்துப் போட்டுச் சாப்பிடுவார்கள். பூண்டும் பழைய ரொட்டியும் போட்ட கஞ்சி போன்ற சூப்பும் உண்டு. பால் காப்பி பிற்பாடு வந்தது.

இரண்டாவது இடம் வணிக வரலாறு. வசதி படைத்த வீடுகளில் காலையில் சாக்லேட் பானம் குடித்தார்கள். வெனிசுவேலாவிலிருந்து கொக்கோ கொண்டுவர சான் செபாஸ்தியானில் 1728-இல் ஒரு கம்பெனியே தொடங்கப்பட்டு 1785 வரை நடந்தது. பிரெஞ்சுப் பக்கத்தில் கதை வேறு. சமய விசாரணைக்கு அஞ்சிப் போர்ச்சுகல், ஸ்பெயினிலிருந்து தப்பி வந்த யூதர்கள் பயோனுக்கு எதிர்க்கரையில் குடியேறினார்கள். சாக்லேட் செய்யும் வித்தையை அந்த ஊருக்குக் கொண்டுவந்தவர்கள் அவர்களே. உள்ளூர்க்காரர்கள் தொழிலைக் கற்றுக்கொண்டு, 1761-இல் சங்கம் அமைத்து, யூதர்கள் இத்தொழில் செய்யக்கூடாது என்று விதி போட்டார்கள். 1767-இல் போர்தோ உயர்மன்றம் அதை ரத்து செய்தது.

மூன்றாவது இடம்தான் முக்கியமானது. பரந்தியாரான் என்ற பாதிரியார் (1889–1991) வீடு வீடாகக் கேட்க வேண்டிய கேள்விகளை வகுத்துக் கொடுத்தார். அதை வைத்துக்கொண்டு தொண்டர்கள் ஊர் ஊராகத் திரட்டிய செய்திகளின் தொகுப்பு, வீட்டு உணவைப் பற்றிய தடித்த தொகுதியாக 1990-இல் வெளிவந்தது. லபைரு என்ற பாஸ்க் பண்பாட்டு நிறுவனம் அதை இணையத்தில் எல்லோரும் இலவசமாகப் படிக்க வைத்திருக்கிறது.

இப்போது சட்டத்துக்கு வருகிறேன். கோப்பு பார்த்தே காலம் தள்ளியவனுக்கு அது விட்டுப்போகாது. நம் நண்பர்கள் வட்டத்திலும் திருட்டுப் பிரதிகள் கைமாறுகின்றன. நம் 1957-ஆம் ஆண்டுச் சட்டப்படி, ஆசிரியர் இறந்த அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள் வரை உரிமை உண்டு. முன்பு 50 ஆக இருந்தது. தாகூர் நூல்களின் உரிமை முடியும் தறுவாயில் கூட்டினார்கள். பராபெரே இறந்தது 1949-இல். எனவே இந்தியாவில் உரிமை 2009-உடன் முடிந்தது. ஸ்பெயினில் அந்தக் காலத்து ஆசிரியர்களுக்கு 80 ஆண்டுகள்; அங்கே 2029 முடியும்வரை பொறுக்க வேண்டும். நிகோலாசா இறந்தது 1959. ஆனால் அவர் நூலுக்கு முன்னுரை எழுதிய டாக்டர் மாரன்யோன் இறந்தது 1960. ஆகவே நூலுக்கு ஒரு கணக்கு, முன்னுரைக்கு ஒரு கணக்கு. பிற்காலத்து மொழிபெயர்ப்பு என்றால் மொழிபெயர்ப்பாளருக்குத் தனிக் கணக்கு.

பழைய பிரெஞ்சு நூல்களுக்குப் பிரான்ஸ் தேசிய நூலகத்தின் 'காலிக்கா' இருக்கிறது; 1997 முதல் காசில்லாமல் படிக்கலாம். என்னைப் போல் பிரெஞ்சு வழியில் படித்துவிட்டு, அந்த மொழியை எங்கே செலவழிப்பது என்று தெரியாமல் இருப்பவர்களுக்கு அது பெரிய பொக்கிஷம். ஸ்பானிய நூல்களுக்கு மாட்ரிட் தேசிய நூலகமும், பாஸ்க் நூல்களுக்கு அவ்வரசின் 'லிபுருக்லிக்' தளமும் உள்ளன. இன்று எழுதுபவர்களின் நூல்களை விலைக்கு வாங்கலாம், நூலகத்தில் இரவல் கேட்கலாம், பழைய புத்தகக் கடையில் தேடலாம்.

இவ்வளவு வழி இருக்கையில் திருட்டுப் பிரதி எதற்கு? வித்தையைக் கற்றுக்கொண்டு, கற்றுத்தந்தவனை வெளியே தள்ளிய பயோன் சங்கத்தைப் பற்றிப் படிக்கும்போது நமக்குக் கோபம் வருகிறது. சமையல் நூல் எழுதியவருக்குச் சேரவேண்டிய சில நூறு ரூபாயை மறுக்கும்போதும் அந்தக் கோபம் கொஞ்சம் நினைவிருந்தால் நல்லது.