ருசு இல்லாத தாம்பத்யம்

ஹாலிவுட் காமெடி என்றதும் முகம் சுளிப்பது நம் வட்டத்தில் ஒரு பழக்கம். பெர்க்மன், ப்ரெஸ்ஸான் என்று பேசிக்கொண்டிருந்த நாட்களில் நானும் சுளித்தவன்தான். லியோ மெக்கரியின் 'தி ஆஃபுல் ட்ரூத்' (1937) படத்தை மூன்றாம் முறை பார்த்த பிறகு, இந்தச் சுளிப்பில் ரசனையைவிடச் சோம்பலே அதிகம் என்று பட்டது.

கதை பழசு. ஆர்தர் ரிச்மனின் 1922ஆம் ஆண்டு நாடகம்; 1925லும் 1929லும் படமாகியிருந்தது. புளோரிடா போவதாகச் சொல்லிவிட்டு இரண்டு வாரம் வேறெங்கோ கழித்த ஜெர்ரி (கேரி கிரான்ட்), விளக்கொளியில் உடம்பைக் கறுக்க வைத்துக்கொண்டு, ஒரு கூடை ஆரஞ்சோடு வீடு திரும்புகிறான். மனைவி லூஸி (ஐரீன் டன்) வீட்டில் இல்லை. பிறகு பாட்டு வாத்தியாரோடு வந்து சேர்கிறாள். வழியில் கார் ரிப்பேர், விடுதியில் தங்க நேர்ந்தது என்கிறாள். அவன் நம்பவில்லை. அவள் கைக்கு வந்த ஆரஞ்சில் கலிபோர்னியா முத்திரை. விவாகரத்து. தீர்ப்பு முழுமை பெற 90 நாட்கள்.

இதற்குப் பின்னால் ஒரு சரித்திரம் இருக்கிறது. நியூயார்க் மாநிலத்தில் 1966ஆம் ஆண்டின் சட்டத் திருத்தம் வரை விவாகரத்துக்கு ஒரே காரணம் சோரம். அதை ருசுப்படுத்தியாக வேண்டும். ருசு இல்லாதவர்கள் ஓட்டல் அறைக்கு ஒரு பெண்ணையும் புகைப்படக்காரனையும் கூலிக்கு வரவழைத்து ருசுவைத் தயாரித்துக்கொண்டார்கள். மறுபக்கம் ஹாலிவுட்டின் தணிக்கை விதிகள். 1930இல் எழுதப்பட்டு, 1934 முதல் ஜோசப் ப்ரீன் கையில் கண்டிப்பாக அமலானவை. தாம்பத்யத்தின் புனிதம் காக்கப்பட வேண்டும். சோரம் கவர்ச்சியாகத் தெரியக்கூடாது. ஆக, சட்டம் ருசு கொண்டுவா என்கிறது. தணிக்கை அதைக் காட்டாதே என்கிறது.

இந்த முரண்பாட்டிலிருந்துதான் படத்தின் உருவம் பிறக்கிறது என்று நினைக்கிறேன். ஜெர்ரி அந்த இரண்டு வாரம் எங்கிருந்தான் என்பது கடைசிவரை சொல்லப்படுவதில்லை. லூஸி நிரபராதி என்ற பக்கம் படம் சாய்கிறது; சாட்சி கிடையாது. தலைப்பு வாக்களித்த 'உண்மை' வருவதே இல்லை. சந்தேகிக்கும் கணவனின் நாற்காலியில் நாம்தான் உட்கார்ந்திருக்கிறோம்.

ஒரு காட்சி. வாத்தியாரோடு மனைவியைக் கையும் களவுமாகப் பிடிக்க ஜெர்ரி கதவை இடித்துக்கொண்டு நுழைகிறான். உள்ளே ஒரு சபை அமர்ந்திருக்க, அவள் பாடிக்கொண்டிருக்கிறாள். அசடு வழிய ஒரு நாற்காலியில் உட்கார்ந்து, அதோடு சேர்ந்து விழுகிறான். லூஸி பாட்டின் கடைசி ஸ்வரத்தை ஒரு சிரிப்பாக மாற்றி முடிக்கிறாள். ருசு தேடி வந்தவனுக்குத் தன் அசட்டுத்தனத்தின் ருசுதான் கிடைக்கிறது. பொறாமையை இவ்வளவு கருணையோடு அவமானப்படுத்திய காட்சி வேறொன்று எனக்குத் தெரியாது.

வங்கியில் என் வேலையில் பாதி, காசோலையின் கையெழுத்தை மாதிரிக் கையெழுத்தோடு ஒப்பிடுவது. பொருந்தினால் பணம். நம்பிக்கைக்கு அங்கே வேலையில்லை. நான் மாலையில் வீட்டுக்குப் போகும்போதும் அந்தப் பார்வை கூடவே வந்ததுண்டு. என் மனைவி அதைச் சொல்லிக்காட்டியும் இருக்கிறாள். நம்பிக்கை என்பது ருசு கிடைத்த பிறகு வருவது அல்ல, ருசு கேட்பதை நிறுத்தும்போது வருவது என்பதை ஒரு காமெடியிடமிருந்து கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது.

ஸ்டான்லி கேவல் 1981இல் வெளியிட்ட நூலில் இதையும் வேறு ஆறு படங்களையும் 'மறுமணக் காமெடி' என்று வகைப்படுத்தினார். முடிவு அதற்குப் பொருந்துகிறது. நள்ளிரவில் விவாகரத்து அமலாகும். அதற்குள் இணைந்தால் சட்டப்படி இன்னும் தம்பதிகள், தணிக்கைக்கும் ஆட்சேபமில்லை. கடிகாரத்தின் ஆண் பொம்மை தன் வாசலை விட்டுப் பெண் பொம்மையின் வாசலுக்குள் போகிறது. அவ்வளவுதான்.

அதே 1937இல் மெக்கரி 'மேக் வே ஃபார் டுமாரோ'வையும் எடுத்தார். ஐம்பது வருஷம் சேர்ந்து வாழ்ந்த தம்பதிகள், வீட்டை இழந்து, பிள்ளைகளால் பிரிக்கப்படுகிறார்கள். அங்கே நம்பிக்கை இருக்கிறது, பணம் இல்லை. இங்கே பணம் இருக்கிறது, நம்பிக்கை இல்லை. அது வசூலில் தோற்றது. காமெடிக்காக ஆஸ்கார் வாங்கியபோது, தவறான படத்துக்குக் கொடுத்துவிட்டீர்கள் என்றார் மெக்கரி. அவர் சொன்னதில் பாதிதான் சரி. பணம் பிரித்த அந்தக் கிழவனும் கிழவியும் எதைக் காப்பாற்றி வைத்திருந்தார்கள் என்பதை, ஜெர்ரியும் லூஸியும் தொலைத்துத் தேடும்போதுதான் எனக்குப் புரிந்தது.