தைராய்டு மாத்திரை யாருக்கு வேண்டும்?

மனிதனின் கழுத்தின் முன்புறம், குரல்வளைக்குச் சற்றுக் கீழே, சுவாசக் குழாயைத் தழுவியவாறு ஒரு சிறு சுரப்பி அமைந்திருக்கிறது. தைராய்டு என்பது அதன் பெயர். உடலின் சூடு, இருதயத்தின் துடிப்பு, குடலின் அசைவு, மனத்தின் சுறுசுறுப்பு ஆகியவை யாவும் அது சுரக்கும் ஹார்மோனைச் சார்ந்தே இயங்குகின்றன. அச்சுரப்பி அடியோடு ஓய்ந்துவிட்டால் என்ன செய்வது என்ற கேள்விக்கு மருத்துவ உலகம் 1891-ஆம் ஆண்டிலேயே விடை கண்டுவிட்டது. அது சற்றே தளர்ந்தால் மருந்து வேண்டுமா என்ற கேள்வியோ, அதற்குப் பின் நூறு ஆண்டுகளுக்கு மேலும் மருத்துவர்களைத் திகைக்க வைத்தது. பெரிய நோய்க்கு எளிதில் விடை கிடைக்க, சிறிய குறைக்கு விடை கிடைக்காமற் போனது ஏன்? அவ்வரலாற்றை இங்கு ஆராய்வோம்.

ஆட்டுச் சுரப்பி செய்த அற்புதம்

1873-ஆம் ஆண்டில் லண்டன் மருத்துவரான சர் வில்லியம் கல், நடுவயதுப் பெண்கள் சிலருக்குக் கண்ட ஒரு விசித்திர நோயை மருத்துவச் சங்கமொன்றில் விவரித்தார். அவர்களுடைய முகம் உப்பியிருந்தது, நாக்குத் தடித்திருந்தது, பேச்சும் சிந்தனையும் மந்தமாகியிருந்தன. சில ஆண்டுகளில் வில்லியம் ஆர்டு என்ற மருத்துவர் அந்நோய்க்கு மிக்ஸிடீமா என்று பெயரிட்டார். ஆனால் அதன் காரணம் தெரியவில்லை.

காரணத்தைக் காட்டிக் கொடுத்தது சுவிட்சர்லாந்து. அந்நாட்டின் மலைப் பகுதிகளில் அயோடின் குறைவினால் கழுத்துக் கழலை மிகுந்திருந்தது. பெர்ன் நகரின் புகழ்பெற்ற ரண வைத்தியரான தியோடர் கோச்சர், கழலையுடன் சுரப்பி முழுவதையும் அகற்றி வந்தார். பின்னர் தம்மிடம் சிகிச்சை பெற்றவர்களை அழைத்துப் பரிசோதித்தபோது அவர் அதிர்ச்சியுற்றார். முழுச் சுரப்பியையும் இழந்த 18 பேருள் 16 பேர் உடலும் உள்ளமும் சோர்ந்து கிடந்தனர். 1883-ஆம் ஆண்டில் அவர் இவ்வுண்மையை மறைக்காமல் வெளியிட்டார். பயனற்றது என்று பலரும் எண்ணியிருந்த சுரப்பி உயிருக்கு இன்றியமையாதது என்பது புலனாயிற்று. 1909-ல் கோச்சருக்கு நோபல் பரிசு கிடைத்தது.

இனி, இல்லாத சுரப்பிக்கு ஈடு கொடுக்க முடியுமா? வடகிழக்கு இங்கிலாந்தில் நியூகாசில் நகரைச் சேர்ந்த ஜார்ஜ் மரே என்ற இளம் மருத்துவர் 1891-ல் அதைச் செய்து காட்டினார். ஆட்டின் தைராய்டுச் சுரப்பியைக் கிளிசரினில் ஊறவைத்துச் சாறெடுத்து, 46 வயதுப் பெண்ணொருத்திக்கு ஊசி வழியே செலுத்தினார். சில மாதங்களில் முக வீக்கம் வற்றியது, பேச்சுத் தெளிந்தது, நடை துரிதமாயிற்று. அப்பெண்மணி மேலும் 28 ஆண்டுகள் நலமுடன் வாழ்ந்து 74-ஆம் வயதில் மறைந்தார். அவரை வாழ வைக்க 870-க்கும் அதிகமான ஆடுகளின் சுரப்பிகள் செலவாயின என்று மரே பின்னாளில் எழுதினார்.

வெற்றி விளைத்த ஆசை

1892-லேயே ஊசி தேவையில்லை, வாய் வழியே உண்டாலும் போதும் என்பது தெரிந்தது. 1914-ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் தினத்தன்று அமெரிக்காவின் மேயோ மருத்துவ நிலையத்தில் எட்வர்டு கெண்டால் என்பார் தைராக்சின் என்னும் ஹார்மோனைப் படிகமாகப் பிரித்தெடுத்தார். 1927-ல் ஹாரிங்டன், பார்கர் என்ற இருவர் அதைச் சோதனைச் சாலையிலேயே செயற்கையாக உண்டாக்கினர். மருந்து கிடைப்பதில் இனிச் சிரமமில்லை.

இங்கேதான் சிக்கல் தொடங்கிற்று. செத்துப் பிழைத்தவரைப் போல ஒரு நோயாளி எழுந்து நடப்பதைக் கண்ட மருத்துவர்களுக்கு, அதே மருந்து சிறு சோர்வையும் போக்குமன்றோ என்ற எண்ணம் பிறந்தது இயல்பே. உடல் பருத்தவர்களுக்கும், களைப்பென்று வந்தவர்களுக்கும், மனம் வாடியவர்களுக்கும் தைராய்டு மாத்திரை வழங்கப்பட்டது. ஓய்ந்திருக்கும்போது உடல் எவ்வளவு பிராணவாயுவைச் செலவிடுகிறது என்று அளப்பதே அக்காலத்துப் பரிசோதனை. பட்டினி கிடந்தாலும், பயந்தாலும் அவ்வளவு மாறிவிடும். ஆகவே யார் உண்மையில் குறையுள்ளவர், யார் வெறும் களைப்புள்ளவர் என்று பிரித்தறிய வழியில்லாமல் இருந்தது.

கங்காணியின் குரல்

1960-களில் புதிய வழி பிறந்தது. மூளையின் அடியில் பிட்யூட்டரி என்ற சுரப்பி இருக்கிறது. தைராய்டை வேலை வாங்குவது அதுவே. நம் தோட்டங்களில் ஆட்கள் தளர்ந்தால் கங்காணியின் குரல் உயர்ந்ததைப் போல, தைராய்டு தளர்ந்தால் பிட்யூட்டரி தன் தூண்டு ஹார்மோனை மிகுதியாகச் சுரக்கிறது. டி.எஸ்.எச். என்று பரிசோதனைத் தாளில் காணப்படுவது இதுதான். தைராக்சின் சிறிதளவு குறைந்தாலும் டி.எஸ்.எச். பன்மடங்கு ஏறிவிடும். கதிரியக்க முறையால் இதை இரத்தத்தில் அளக்கும் வித்தை கைவந்ததும், தைராக்சின் அளவு சரியாகவே இருக்க, டி.எஸ்.எச். மட்டும் உயர்ந்திருக்கும் மனிதர்கள் ஏராளமாகக் கண்டறியப்பட்டனர்.

மரேயின் நியூகாசில் நகரிலிருந்தே 1973-ல் ஒரு கட்டுரை வெளிவந்தது. தைராய்டுக் குறைவை முற்றியது, லேசானது, வெளிக்குத் தோன்றாதது என்று அது தரம் பிரித்தது. அடுத்து, அதே வட்டாரத்தில் விக்காம் என்னும் பகுதியில் 2,779 பேரைப் பரிசோதித்து, 1977-ல் முடிவுகளை வெளியிட்டனர். பெண்களில் 100-க்கு ஏழெட்டுப் பேருக்கும், ஆண்களில் 100-க்கு ஏறக்குறைய மூவருக்கும் டி.எஸ்.எச். உயர்ந்திருந்தது. தம்மை நோயாளி என்று எண்ணாதிருந்த பலர் அன்று முதல் ஒரு நோயின் பெயருக்கு உரியவராயினர். நோயாளி மருத்துவரைத் தேடிச் சென்ற காலம் போய், ஓர் எண் நோயாளியைத் தேடி வரும் காலம் பிறந்தது.

அவர்கள் கதி என்ன? இருபது ஆண்டு கழித்து அதே மக்களை மீண்டும் பரிசோதித்து 1995-ல் விடை கூறினர். டி.எஸ்.எச். உயர்ந்திருந்ததோடு, தைராய்டைத் தாக்கும் எதிர்ப்பொருளும் இரத்தத்தில் காணப்பட்ட பெண்களில், ஆண்டுதோறும் 100-க்கு நால்வர் வீதம் முழுக் குறைவை அடைந்தனர். எதிர்ப்பொருள் இல்லாதவர்களுக்கு இவ்வபாயம் இன்னும் குறைவு. ஆக, எல்லோரும் அப்பாதையில் செல்லவில்லை. லேசாக உயர்ந்த டி.எஸ்.எச். மருந்தின்றியே இறங்கிவிடுவதும் உண்டு. நோயிலிருந்து தேறும்போது அது தற்காலிகமாக ஏறும். முதுமையில் இயல்பாகவே சற்று உயரும்.

எழுநூற்று முப்பத்தேழு முதியோர்

மாத்திரை கொடுத்தால் இவர்களுக்கு நலம் உண்டா? அமெரிக்காவில் 1984-ல் 33 பேரைக் கொண்டு ஒரு சோதனை நடந்தது. மருந்துண்டவர்களில் ஏறக்குறையப் பாதிப் பேர் தேறியதாகக் கூறினர். மருந்தில்லா வெற்று மாத்திரையை உண்டவர்களிலும் சிலர் அவ்வாறே கூறினர். இத்துணைச் சிறு சோதனையைக் கொண்டு யாது முடிவு செய்ய இயலும்?

பெரிய சோதனையின் முடிவு 2017-ல்தான் வந்தது. ஸ்காட்லாந்து, அயர்லாந்து, நெதர்லாந்து, சுவிட்சர்லாந்து ஆகிய நாடுகளில் 65 வயதும் அதற்கு மேலும் ஆன 737 பேர் அதில் பங்கு கொண்டனர். கோச்சரின் பெர்ன் நகரும் அதில் சேர்ந்திருந்தது. யாருக்கு மருந்து, யாருக்கு வெற்று மாத்திரை என்பது மருத்துவருக்கும் தெரியாது, உண்டவருக்கும் தெரியாது. ஓராண்டின் முடிவில் மருந்துண்டவர்களின் டி.எஸ்.எச். 6.4-லிருந்து 3.6-க்கு இறங்கியது. எண் திருந்திவிட்டது. ஆனால் களைப்பிலோ பிற அறிகுறிகளிலோ இரு சாராருக்கும் வேறுபாடு காணப்படவில்லை!

அதே வேளையில் மருந்து மிஞ்சினால் தீங்குண்டு. டி.எஸ்.எச். மிகத் தாழ்ந்த முதியோருக்கு இருதயம் தாறுமாறாகத் துடிக்கும் நோய் மும்மடங்கு நேர்வதாக 1994-ல் அமெரிக்காவின் ஃபிரேமிங்காம் ஆராய்ச்சி காட்டியது. மாதவிடாய் நின்ற பெண்களின் எலும்பும் மெலியக்கூடும்.

முடிவு செய்வது எப்படி?

2019-ல் இரு நிபுணர் குழுக்கள் தம் கருத்தை வெளியிட்டன. பிரிட்டிஷ் மருத்துவச் சஞ்சிகையில் எழுதிய சர்வதேசக் குழு, லேசான குறைவுக்கு மருந்து வேண்டாம் என்று அழுத்தமாகக் கூறியது. கருத்தரிக்க விரும்பும் பெண்களையும், டி.எஸ்.எச். 20-க்கு மேல் உள்ளவர்களையும் அது விலக்கி வைத்தது. கடும் அறிகுறி உள்ளோருக்கும் இளம் வயதினருக்கும் இக்கருத்துப் பொருந்தாமல் இருக்கலாம் என்றும் கூறிற்று. பிரிட்டிஷ் அரசின் வழிகாட்டிக் குழுவோ வேறு கோடு கிழித்தது. மூன்று மாத இடைவெளியில் இருமுறை பரிசோதித்தும் 10-க்கு மேல் இருந்தால் மருந்தை யோசிக்கலாம். 65 வயதுக்கு உட்பட்டவருக்கு அதற்குக் கீழே உயர்ந்திருந்து, அறிகுறியும் இருந்தால், ஆறு மாதம் கொடுத்துப் பார்க்கலாம் என்பது அதன் கருத்து. கற்றறிந்தோரே முற்றிலும் ஒத்துப்போகவில்லை என்பதை இதனால் அறியலாம்.

எனினும் பொதுவான அறிவுரை உண்டு. ஒரே ஒரு பரிசோதனைத் தாளைக் கண்டு வாழ்நாள் முழுவதற்கும் மாத்திரையை ஏற்க வேண்டியதில்லை. மறுபடி பரிசோதிக்க வேண்டும். எதிர்ப்பொருள் உண்டா என்று பார்க்க வேண்டும். வயதையும் கருத்தரிக்கும் எண்ணத்தையும் கணக்கில் கொள்ள வேண்டும். மருந்தைத் தொடங்கினால், வெறும் வயிற்றில் தவறாது உண்டு, உரிய காலத்தில் இரத்தத்தைச் சோதித்து, களைப்பு நீங்கிற்றா என்று நேர்மையாகக் கேட்டுக்கொள்ள வேண்டும். எண் திருந்தியும் உடல் தேறவில்லையெனில், களைப்புக்கு வேறு காரணத்தை மருத்துவரிடம் தேடச் சொல்வதே முறை. நெடுநாள் உண்டு வருபவர்கள் இதைப் படித்துத் தாமாகவே நிறுத்திவிடலாகாது. முழுக் குறைவு உள்ளவர்களுக்கு அம்மாத்திரை இன்றும் உயிர்நாடியே.

நியூகாசில் பெண்மணிக்கு மருந்து வேண்டுமா என்று எவரும் கேட்கவில்லை. அவர் முகமே அதைச் சொல்லிற்று. இன்று கையில் ஒரு தாளுடன் மருத்துவர் முன் அமர்ந்திருப்பவரின் முகம் அவ்வாறு சொல்வதில்லை. அவருக்காகக் கேட்கப்பட வேண்டிய கேள்வி, எண் குறையுமா என்பதன்று. அவர் நலம் பெறுவாரா என்பதே.