கேரள கலோல்சவம்: நடுவர் மார்க்கை எதிர்த்து கோர்ட்டுக்குப் போனா என்ன ஆகும்?

கேரளாவில் பள்ளிக் கலோல்சவ சீசன் வந்தாலே கூடவே வருவது, "நடுவர் வேண்டியவங்களுக்கு மார்க் போட்டுட்டார்" என்ற புகார். மாவட்டத்தில் முதலிடம் பிடித்தால்தான் மாநில மேடை. அங்கே நல்ல கிரேடு வாங்கினால் பொதுத்தேர்வில் கிரேஸ் மார்க். பெற்றோர் சும்மா விடுவாங்களா?

முதலில் கட்டணம் கட்டி கல்வித்துறை அப்பீல் குழுவிடம் போகணும். அங்கே தள்ளுபடியானால் நீதிமன்றம். இடைக்கால உத்தரவு வாங்கி மேடை ஏறியவர்கள் ஏராளம். இதனால் போட்டியாளர்கள் கூடி, நிகழ்ச்சி நள்ளிரவையும் தாண்டும். 2018 திருச்சூர் விழாவில் குழந்தைகள் உரிமை ஆணையத்தின் பெயரில் போலி அப்பீல் உத்தரவுகளே பிடிபட்டன!

நடனம் நல்லா இருந்ததா என்று நீதிபதி மறுபடி மார்க் போட மாட்டார். விதிமீறல் நடந்ததா, அப்பீல் குழு புகாரை ஒழுங்காகப் பரிசீலித்ததா என்றுதான் பார்ப்பார். ஆதாரமில்லாமல் 'பாரபட்சம்' என்றால் வழக்கு நிற்பது கஷ்டம். 2022 டிசம்பரில் கேரள உயர் நீதிமன்றம், பிள்ளைகளின் தோல்வியை ஏற்கப் பழகுங்கள் என்று பெற்றோருக்கே அறிவுரை சொன்னது. மேடை ஏற்பாட்டில் அலட்சியம் காட்டி மாணவருக்குக் காயம் ஏற்பட்டால் நடவடிக்கை வரும் என்று அமைப்பாளர்களையும் எச்சரித்தது.

அப்பீலில் வந்தவர், மாவட்டத்தில் தன்னை முந்தியவரை மாநில மேடையில் முந்தினால்தான் கட்டிய பணம் திரும்பக் கிடைக்கும்.