பன்னிரண்டு நாட் பரிசுகள்

கிறிஸ்துமஸ் பருவத்தில், ஆங்கிலப் பள்ளியில் பயிலும் நம் காலனிக் குழந்தைகள் பாடும் பாடல்களுள் ஒன்று பன்னிரண்டு நாட் பரிசுகளைப் பற்றியது. முதல் நாள், பேரிக்காய் மரத்திலமர்ந்த ஒரு கௌதாரி. மறுநாள் இரு புறாக்கள். அவற்றுடன் மீண்டும் ஒரு கௌதாரி. இவ்வாறே நாளுக்கு நாள் பரிசுகள் பெருகும். பார்சல் கணக்கெழுதிப் பழகிய கையாதலால் கூட்டிப் பார்த்தேன். மொத்தம் 364, ஆண்டின் நாட்களுக்கு ஒன்றே குறைவு! பன்னிரு நாட்களாவன டிசம்பர் 25 முதல் ஜனவரி 5 முடிய. பண்டிகைக்கு முந்தியவை என்று பலர் எண்ணுவது சரியன்று.

இப்பாடலுக்கு மறைபொருள் உண்டென்பர். இங்கிலாந்தில் கத்தோலிக்கர் ஒடுக்கப்பட்ட காலத்தில், தம் மக்களுக்குச் சமயபாடம் புகட்ட அவர்கள் இயற்றிய சங்கேதமாம் இது. கௌதாரி இயேசுபெருமான்; இரு புறாக்கள் பழைய, புதிய ஏற்பாடுகள்; நான்கு பறவைகள் நான்கு சுவிசேஷங்கள்; பத்து என்பது பத்துக் கட்டளைகள்.

ஒடுக்குமுறை மெய்யே. 1581இல் எட்மண்ட் காம்பியன் என்னும் குரு தூக்கிலிடப்பட்டார். கத்தோலிக்கர் பாராளுமன்றத்தில் அமர 1829 வரை காத்திருக்க நேர்ந்தது. ஆனால் மேற்சொன்ன பொருள்களை இங்கிலாந்துத் திருச்சபையும் வெளிப்படையாகவே போதித்தது. யாவரும் ஒப்பியதை எவருக்கஞ்சி மறைப்பது? ஏழு அன்னங்களை ஏழு அருட்சாதனங்கள் என்பார் சிலர். அது கத்தோலிக்கருக்கே உரியது. வேறு சிலரோ அதனைத் தூய ஆவியின் ஏழு கொடைகள் என மாற்றியுரைப்பர். திறவுகோலே ஆளுக்கொன்றாயின் பூட்டு ஏது? இவ்விளக்கம் பரவியதும் அண்மையில்தான். 1979இல் கனடா நாட்டு ஹ்யூ மெக்கெல்லர் எழுதிய கட்டுரைக்குப் பின்னரே. அடக்குமுறைக் காலத்துச் சான்று ஒன்றேனும் காட்டப்பெறவில்லை. துன்புற்றோர் கதையை மெய்ச்சான்றுகளைக் கொண்டே சொல்லலாமே.

பாடல் முதலில் அச்சேறியது 1780ஐ ஒட்டி, லண்டனில் வெளிவந்த ஒரு சிறுவர் நூலில். இது நினைவாற்றல் விளையாட்டு. ஒருவர் சொன்னதை அடுத்தவர் முழுதும் திருப்பிச் சொல்லி, மேலும் ஒன்று சேர்க்கவேண்டும். தவறினவர் தண்டமாக ஏதேனும் கொடுக்கவேண்டும்.

இன்று பரவலாக வழங்கும் மெட்டு பிரெடரிக் ஆஸ்டின் அமைத்தது, 1909இல் வெளிவந்தது. ஐந்து பொன்மோதிரங்களை நீட்டி இசைப்பது அவர் செய்த மாற்றம். நான்காம் நாட் பறவைகளைக் ‘கூவும் பறவைகள்’ என்று வழங்கியதும் அப்பதிப்பே. பழைய நூலில் அவை கரிபோற் கறுத்த பறவைகள்!