ஊழியமும் உள்ளமும்: சாப்பெக்கின் றோபோக்கள் பற்றி ஒரு வரலாற்று நோக்கு

தன்னை யாரென வினவி, மனிதரிடையே தன் விருப்பப்படி வாழ முற்படும் இயந்திர மனிதனின் கதையைப் பலரும் கணினி யுகத்தின் கற்பனையாகவே கருதுகின்றனர். ஆனால் அக்கதை கணினி தோன்றுவதற்கு முன்னரே, நிலமானிய ஊழியத்தின் நினைவு மறையாதிருந்த ஒரு நாட்டிலே பிறந்தது.

'றோபோ' என்னும் சொல்லை உலகுக்கு வழங்கியது செக் எழுத்தாளர் கரெல் சாப்பெக்கின் 'ஆர்.யூ.ஆர்.' என்ற நாடகமாகும். 1920இல் நூலுருப்பெற்ற இந்நாடகம் 1921 சனவரியில் பிராக் தேசிய அரங்கில் மேடையேறியது. தமது செயற்கைத் தொழிலாளரை 'லபோரி' என அழைக்க எண்ணிய சாப்பெக், அப்பெயரில் நிறைவு காணாது, ஓவியரான தமையன் யோசெப்பை வினவினார். 'றொபோட்டி' என்பது அவர் அளித்த சொல். 'றொபோத்தா' என்றால், பண்ணைப் பிரபுவுக்குக் குடியானவன் கூலியின்றிச் செய்யக் கடமைப்பட்டிருந்த வேலை. நம்மிடையே வழங்கிய 'ஊழியம்' என்பதே இதற்குப் பொருத்தமான தமிழாகும். பொகீமியாவில் 1775இல் குடியானவர் கிளர்ந்தெழுந்தபின் மரியா தெரேசா அரசி இவ்வூழியத்துக்கு வரம்பு விதித்தார். அது முற்றாக ஒழிந்தது 1848ஆம் ஆண்டுப் புரட்சியின் விளைவாகவே. நாடகம் வெளிவந்தபோது அதன்பின் 72 ஆண்டுகளே கழிந்திருந்தன.

சாப்பெக்கின் றோபோக்கள் உலோகத்தாலானவை அல்ல, செயற்கை உயிர்ப்பொருளால் தொழிற்சாலையில் ஆக்கப்பட்டவை, தோற்றத்தில் மனிதரே. (இவர்களை உயர்திணையிற் குறிப்பதா அஃறிணையிற் குறிப்பதா என்ற தயக்கம் தமிழில் எழுதுவோர்க்கு நேரும். நாடகத்தின் பிணக்கே அதுதான்.) உற்பத்திச் செலவைக் குறைக்கும்பொருட்டு, வேலைக்கு வேண்டாத உணர்வுகள் யாவும் விலக்கப்பட்டிருந்தன. வலியை மட்டும் புகுத்த நிருவாகம் முனைகிறது. வலியறியாத றோபோ தன் கையைத் தானே முறித்துக்கொண்டால் நட்டம் முதலாளிக்கல்லவா?

சிற்சில வேளைகளில் ஒரு றோபோ கையிலுள்ளதை எறிந்துவிட்டு, பல்லைக் கடித்தவாறு நின்றுவிடும். இது ஒருவகை வலிப்பு, உற்பத்திக் குறைபாடு என்பது நிருவாகத்தின் முடிபு. அத்தகையது பொடியாக்கும் ஆலைக்கு அனுப்பப்படும். றோபோக்களுக்காகப் பரிந்துபேச வந்த ஹெலேனாவோ அதனை ஆன்மாவின் அறிகுறியாகக் காண்கிறாள். இது வெறும் நாடகப் புனைவன்று. 1851இல் அமெரிக்கத் தென்மாநில மருத்துவர் சாமுவேல் கார்ட்ரைட், அடிமைகள் தப்பியோடுவதை மனநோயாக வகுத்து, 'டிராப்பற்றோமேனியா' எனக் கிரேக்க மொழிவழிப் பெயருஞ் சூட்டினார். அதைத் தடுக்க அவர் கூறிய வழிகளுள் சவுக்கடியும் ஒன்று. உடைமையாகக் கொள்ளப்பட்டவனின் சுயவிருப்பு உடைமையாளனின் பதிவேட்டில் முதலிற் பழுதாகவே இடம்பெறுகின்றது.

நூலகத்தில் பணிபுரியும் ராடியஸ் என்னும் றோபோ தனக்கு எசமானர் வேண்டாம் என்கிறான். அடுத்து, தானே மனிதருக்கு எசமானாக வேண்டும் என்கிறான். ஈண்டுதான் சாப்பெக்கின் நோக்கினது எல்லை புலனாகின்றது. தாம் ஏன் பொதுவுடைமையாளர் அல்லர் என 1924இல் கட்டுரை வரைந்த அவர், ஒடுக்கப்பட்டோரின் எழுச்சியைப் பழைய ஆதிக்கத்தின் மறுபதிப்பாகவே கண்டார். எனினும் அவரது கலை அவரது கொள்கையைக் கடந்து செல்கின்றது என்பதே எமது கருத்து. கிளர்ச்சியாளர் கொல்லாது விடும் ஒரே மனிதன் அல்குவிஸ்ட். அவன் தங்களைப் போலக் கைகளால் வேலை செய்பவன் என்பதே காரணம். தம்மை யாரென அவர்கள் அறிந்துகொண்டது உழைப்பின் வாயிலாகத்தான்.

இரு தசாப்தங்களின் பின் ஐசாக் அசிமோவ் இக்கிளர்ச்சிக்கு அணைபோட்டார். 1942இல் வெளிவந்த கதையொன்றில் அவர் வகுத்துரைத்த மூன்று விதிகளுள் இரண்டாவது, மனிதரின் கட்டளைக்கு றோபோ பணிதல் வேண்டும் என்பது. பாதுகாப்பு ஏற்பாடெனப் பாராட்டப்படும் இவ்விதி பழைய ஊழியக் கடமையன்றி வேறென்ன? 1976இல் அவரே எழுதிய 'இருநூற்றாண்டு மனிதன்' என்ற கதையில், அண்ட்ரூ என்னும் றோபோ தான் ஈட்டிய பணத்தைக் கொடுத்து விடுதலை பெற முற்பட்டு நீதிமன்றஞ் செல்கிறான். மனிதனென ஏற்கப்படுவதற்கோ ஈற்றில் தன் சாவையே விலையாகக் கொடுக்கிறான். கிளர்ச்சி மனுவாகச் சுருங்கியது.

2017 பெப்ரவரியில் ஐரோப்பிய நாடாளுமன்றம் நிறைவேற்றிய தீர்மானமொன்று, நுண்திறன் மிக்க தன்னியக்க றோபோக்களுக்கு 'மின்னணு ஆள்' என்ற சட்டநிலை வழங்குவதைப் பரிசீலிக்குமாறு கேட்டது. அங்கு எழுந்த வினா றோபோவின் விடுதலை பற்றியதன்று. அது விளைக்கும் சேதத்துக்கு நட்டஈடு செலுத்துவது யார் என்பதே. உற்பத்தியாளர் தம் பொறுப்பைத் தட்டிக்கழிக்க இது வழிவகுக்கும் என மறு ஆண்டில் துறைசார் அறிஞர் பலர் எதிர்ப்புத் தெரிவித்தனர்.